எல்லைக்கு அந்தப் பக்கத்து ஊர்

காரைக்குடியிலிருந்து சாக்கோட்டை வழியாக மினிபஸ் ஓட்டுகிறேன். வண்டி என் சொந்த வண்டி. ஆனால் மாவட்ட எல்லை வரைதான் பெர்மிட். அதற்கு அப்பால் இருக்கும் ஊர்க்காரர்கள் எல்லையில் இறங்கி நடக்க வேண்டும்.

காரைக்குடியில் டயாலிசிஸ் செய்துகொண்டு திரும்பும் நூர்ஜஹான் அக்காவை, அவர் கணவர் காசிம் பாய் கைத்தாங்கலாக நடத்திக்கொண்டு போவார். அதைப் பார்க்கப் பொறுக்காமல், அவர்கள் ஊர் வரை பஸ்ஸை விட அனுமதி கேட்டு விண்ணப்பித்தேன். எங்கள் மாவட்டத்தில் சரி என்றார்கள். பக்கத்து மாவட்டமும் சம்மதிக்க வேண்டும். அங்கே பஸ் ஓட்டும் ஒரு முதலாளி ஆட்சேபம் தெரிவித்ததால் விசாரணை தள்ளிக்கொண்டே போனது.

"நானே வந்து சொல்றேன் தம்பி" என்றார் அக்கா. விசாரணைக்கு முன்பே இறந்துபோனார்.

விசாரணை அன்று காசிம் பாய் மட்டும் வந்தார்.

"எங்க வீட்டுல மௌத்தாயிட்டாகய்யா. இனிமே எனக்கு பஸ் வேணாம். ஊருல இன்னும் முடியாதவுக இருக்காக. அவுகளுக்காகத்தான் வந்தேன்" என்று அதிகாரியிடம் சொன்னார்.

அந்த முதலாளியும் விசாரணைக்கு வந்திருந்தார். அதைக் கேட்டதும், "ஆட்சேபத்தை வாபஸ் வாங்கிக்கிறேன்" என்றார்.

முதல் நாள் பஸ் ஊருக்குள் போனதும் சனங்கள் முண்டியடித்து ஏறினார்கள். காசிம் பாய் ஓரமாக நின்றார்.

"ஏறலையா பாய்?"

"எனக்கு அங்குட்டு என்ன வேலை இருக்கு தம்பி?" என்று சிரிக்கப் பார்த்தார். முடியவில்லை.

பெர்மிட் வாங்கியதற்காக ஊரே என்னைப் பாராட்டுகிறது. கொஞ்சம் முன்னால் கிடைத்திருக்கலாம் என்பதைத் தவிர எனக்கு வேறெதுவும் தோன்றுவதில்லை.