திருவிழாச் சேலையில் வந்த பெண்கள்

தொலைக்காட்சி நாடக முன்னோடிகளுக்குப் பாராட்டு விழாவாம். போன வாரம் கொழும்பிலிருந்து ஒரு பெண் தொலைபேசியில் அழைத்து, "அந்தக் காலத்து இனிமையான அனுபவங்களைக் கொஞ்சம் பேசுங்க சார்" என்றாள். இனிமையாம்!

அப்போது நான் தயாரிப்பாளர் என்பது பெயருக்குத்தான். ஜீப் பிடிப்பது, தோட்டத்தை நிர்வகிக்கும் துரையிடம் அனுமதிக்குக் கெஞ்சுவது, சோற்றுப் பார்சல் வாங்குவது எல்லாம் நான். நாற்காலி போட்டு உட்கார்ந்து உத்தரவு போடுவது எங்கள் நாடகப் பிரிவுத் தலைவர். எனக்கு முதன்முதலாகக் கிடைத்த நாடகம், தேயிலைக் கொழுந்து பறிக்கும் ஒரு பெண்ணின் கதை. மலையகத்தில் வட்டகொடைப் பக்கம் நான் பிறந்த தோட்டத்தையே தேர்ந்தெடுத்தேன். அம்மா அப்போதும் அங்கே கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தார். "நம்ம ஆளுங்களையே காட்டப் போறேம்மா, நீங்களும் வருவீங்க" என்றேன். அன்று பொழுது சாய்வதற்குள் தொழிலாளர்கள் வரிசையாகக் குடியிருக்கும் லயம் முழுக்க அதே பேச்சு.

எங்கள் பக்கம் படம் பிடிக்கிறார்கள் என்றால் யாரும் வேலைத் துணியோடு நிற்கமாட்டார்கள். படப்பிடிப்பு அன்று பெண்கள் திருவிழாச் சேலை கட்டி, பவுடர் போட்டு, பூ வைத்து மலைக்கு வந்தார்கள். கூடைக் கயிற்றைத் தலையில் மாட்டியபோதும் பூ நசுங்காமல் பார்த்துக்கொண்டார்கள். அம்மா தீபாவளிக்கு எடுத்த மெரூன் சேலையில் முன்வரிசையில் நின்றார். எவ்வளவு அழகாக இருந்தார்!

"என்னய்யா இது, கல்யாண வீடா? கொழுந்து எடுக்கிற ஆளுங்க மாதிரியே இல்லியே" என்றார் தலைவர்.

கொழும்பிலிருந்து வந்த கதாநாயகி, தையல்காரரிடம் கொடுத்துக் கிழித்து வாங்கிய ரவிக்கையோடு நகப்பூச்சைச் சுரண்டிக்கொண்டிருந்தாள். அவள் கொழுந்து எடுக்கிற ஆள்!

லயம் பக்கத்தில்தான், போய் மாற்றிக்கொண்டு வரட்டும் என்றேன். பனி இறங்குகிறது, நேரமில்லை என்று தலைவர் ஒப்பனைக்காரரைக் கூப்பிட்டார். அந்த ஆள் தேயிலைச் செடி அடியிலிருந்து மண்ணை அள்ளி, தண்ணீர் விட்டுக் குழைத்து, பஞ்சில் தோய்த்து ஒவ்வொரு முகமாகப் பூச ஆரம்பித்தார். ஆடு மாட்டுக்குக்கூடச் சொந்தக்காரரைக் கேட்காமல் யாரும் அப்படிச் செய்யமாட்டார்கள்.

அம்மாவின் முறை வந்தபோது குறுக்கே போனேன். "சார், இவங்க என்னோட..."

என் வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. அது அம்மாவுக்குத் தெரியும். நான் முடிப்பதற்குள், "பரவாயில்லீங்க சார், பூசட்டுங்க" என்றார். என்னைப் பார்த்துத்தான் அந்த 'சார்'. கண்ணை மூடிக்கொண்டு முகத்தை நிமிர்த்திக் கொடுத்தார். சேற்றுத்தண்ணீர் சேலையில் வழிந்தது. கதாநாயகி கைக்குட்டையால் மூக்கை மூடிக்கொண்டு சிரித்தாள்.

"இப்பதான் அசல்" என்றார் தலைவர். அந்தச் சொல்லை எங்கே கேட்டாலும் இன்றைக்கும் எனக்கு அருவருப்பாக இருக்கிறது.

நாடகம் ஒளிபரப்பான அன்று கடைத்தெருவில் மளிகைக்கடை முதலாளி தொலைக்காட்சிப் பெட்டியை மேசைமேல் ஏற்றி வைத்தார். அம்மாவுக்குப் பக்கத்திலேயே நான் உட்கார்ந்திருந்தேன். மண் அப்பிய அம்மாவின் முகம் திரையில் பெரிதாக வந்து போனது.

முதலாளி திரும்பிப் பார்த்துக் கேட்டார்: "ஏம்மா, நீங்களும் வர்றீங்கன்னு சொன்னீங்களே, காணோமே?"

"இல்லீங்க மொதலாளி. அன்னிக்கி நான் வேலைக்குப் போயிட்டேன்."

சுற்றியிருந்த லயத்துப் பெண்களில் ஒருத்தியும் மறுத்துப் பேசவில்லை.