நோட்டீஸ் போர்டில் ஏறிய மப்பு

கும்மிடிப்பூண்டியில் ஒரு ரோலிங் மில்லில் நான் சேஃப்டி சூப்பர்வைசர். ஒருநாள் எங்கள் மேனேஜருக்குப் போதைத் தமிழ் படிக்க ஆசை வந்துவிட்டது.

"பசங்க பேசுற வார்த்தைக்கெல்லாம் அர்த்தம் எழுதிக் குடுங்க. போர்டுல ஒட்டணும்."

என் தலையெழுத்து, எழுதினேன். தம் என்றால் உருதுவில் மூச்சு. ஒரு குவாட்டரை இருவர் பங்கு போட்டால் கட்டிங். தென்னை மட்டை போல விழுந்து கிடந்தால் மட்டை. வானம் மூடினாலும் மப்பு, புத்தி மூடினாலும் மப்பு.

மேனேஜர் அடியில் ஒரு வரி சேர்த்தார்: இவற்றைச் சொல்பவரும், யாரைப் பற்றிச் சொன்னாரோ அவரும் சஸ்பெண்ட்.

"ஐயோ சார், அத வெச்சுதான் அவங்க நம்மள உஷார் பண்றாங்க!"

"குடிக்காதவனுக்கு அந்த வார்த்தை எதுக்கு?"

சொல்லிவிட்டு நோட்டீஸை ஒட்டியும் விட்டார்.

எங்கள் ஷெட்டில் ஒரு வழக்கம் உண்டு. கிரேன் ஏறும் ஆபரேட்டரின் கண்ணைக் கீழே சங்கிலி மாட்டுகிறவன் பார்ப்பான். சரியில்லை என்றால் என்னிடம் வந்து, "அண்ணே, மப்பு" என்பான். நான் எதையும் கேட்காமல் ஆபரேட்டரை ஸ்டோருக்கு அனுப்பிவிட்டு வேறு ஆளை ஏற்றுவேன். யாருக்கும் வேலை போகாது, உயிரும் போகாது.

நோட்டீஸ் ஏறிய பிறகு ஒருவனும் வாய் திறக்கவில்லை.

ஒரு மதியம் ஆபரேட்டர் சேகர் கிரேன் ஏறினான். கீழே சங்கிலி மாட்டியவன் மீஞ்சூர் ஏசுதாஸ். சேகர் தூக்கிய இரும்புக் கட்டு தாறுமாறாக ஆடி, ஏசுதாஸின் காலில் இறங்கியது. பாதம் நசுங்கிவிட்டது.

ஆஸ்பத்திரியில் எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. "அவன் கண்ணப் பாத்துகினே ஏண்டா நின்ன? சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே!"

"இன்னாண்ணே பேசற? சொல்லியிருந்தா ரெண்டு பேரு வேலையும் பூட்டிருக்கும். அவன் ஊட்ல அடுப்பு எரிய வேணாமா? கால் ஒண்ணுதானே போச்சு."

வெளியே வந்தால் மேனேஜர் என் காதைக் கடித்தார்: "இப்போ புதுசா என்ன வார்த்தை வெச்சிருக்காங்கன்னு விசாரிங்க." தலையில் அடித்துக்கொண்டேன். நேராக மில்லுக்குப் போய் அந்த நோட்டீஸைக் கிழித்துப் போட்டேன்.

புது சூப்பர்வைசர்களுக்குச் சொல்கிறேன். அர்த்தம் தெரிந்துகொள்வது பெரிய விஷயமில்லை. உங்களிடம் வந்து அதைச் சொன்னால் எவன் பிழைப்பிலும் மண் விழாது என்று அவர்கள் நம்ப வேண்டும்.

நோட்டீஸ் போயும் பல மாதம் யாரும் என்னிடம் வரவில்லை. கடைசியில் ஸ்டோர் வேலைக்கு மாற்றப்பட்டிருந்த ஒருவன் கட்டையை ஊன்றிக்கொண்டு ஷெட் முழுக்க நடந்து வந்து, கிரேன் ஏறப்போனவனைக் கண்ணால் காட்டினான்.

"அண்ணே, மப்பு" என்றான் ஏசுதாஸ்.