நெஞ்சு நோ என்று சொன்னவள்

ஜெனீற்றா ஒரு பொய் சொன்னாள். பாவசங்கீர்த்தனத்தில் போய்ச் சொன்னாலும் சுவாமியார் சிரித்துவிட்டு அனுப்பக்கூடிய சின்னப் பொய். அதைச் சொல் சொல்லென்று ஊரே அவளைச் சுற்றி நின்று கெஞ்சியது. அவள் வாழ்க்கையில் சொன்ன உண்மைகளில் ஒன்றைக்கூட நம்பாத அரசாங்கக் கந்தோர்கள், இந்த ஒரு பொய்யை மட்டும் கேட்ட மாத்திரத்தில் நம்பிவிட்டன. ஏன் என்று கேட்டால் கடவுளுக்குத்தான் வெளிச்சம். கந்தோர்காரருக்கும் கொஞ்சம் தெரிந்திருக்கலாம்.

யாழ்ப்பாணத் தீவுப் பக்கத்தில், சரவணைக் கடற்கரையில், குருசுமுத்துவின் மூத்த மகள் அவள். குருசுமுத்து கடலை நம்பிச் சீவித்த மனிதர். போர்க்காலத்தில் இன்றைக்குக் கடலுக்குப் போகலாமா கூடாதா என்பதைக் கடற்படைதான் சொல்லும். ஒருமுறை சொன்ன நேரத்துக்குள் கரை திரும்பவில்லை என்று அவருடைய வலையை அவர் கண்முன்னாலேயே வெட்டிப் போட்டார்கள். அப்படிப்பட்டவரின் மகள் ஒரு கடற்படைக்காரனைக் கலியாணம் கட்டினாள் என்றால் ஊர் சும்மா இருக்குமா?

சமாதான காலத்தில் நடந்த கதை அது. கிளமென்ற் தமேல் சிலாபக் கரையைச் சேர்ந்தவன். அங்கே மீன்பிடிக்கிற கத்தோலிக்க வேதக்காரக் குடும்பங்கள் பல வீட்டில் தமிழ் பேசும், பள்ளிக்கூடத்தில் சிங்களம் படிக்கும். குடும்பத்துப் படகு கடனில் போனதும் அவன் கடற்படையில் சேர்ந்து, சரவணைப் பக்கத்து முகாமுக்கு வந்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் சாதாரணச் சட்டையோடு மாதா கோயிலுக்கு வந்து கடைசி வாங்குப் பலகையில் இருப்பான். பூசையில் அவன் தமிழில் செபம் சொன்னதைக் கேட்டுப் பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஜெனீற்றாவும் பார்த்தாள். அவள் மட்டும் பார்வையைத் திருப்பிக்கொள்ள மறந்துவிட்டாள்.

"வலை வெட்டினவங்களுக்கே பொம்பிளையும் குடுக்கிறியோ?" என்று குருசுமுத்துவைக் கேட்காத ஆள் இல்லை.

"வெட்டினவன் இவனில்லை. இவன் எனக்கு வலை பொத்தித் தாறவன்" என்றார் குருசுமுத்து. அது உண்மைதான். லீவு நாளில் வந்து மாமனாரோடு குந்தியிருந்து கிழிந்த வலையைப் பொத்தினான். ஊர் கலியாணத்துக்கு வரவில்லை. வேலிக்கு மேலால் எட்டிப் பார்ப்பதை மட்டும் ஒரு குறையும் இல்லாமல் செய்தது.

மகள் அஜந்தா பிறந்து தவழ்ந்து நடக்கத் தொடங்கியிருந்தாள். சமாதானமும் அதற்குள் செத்துப்போயிருந்தது. கரையோரக் காவலரண் ஒன்றுக்குப் பக்கத்தில் கிளமென்ற் மிதிவெடியில் கால் வைத்தான். அந்த வெடியை எதிரி புதைத்தானா, அவனுடைய ஆட்களே புதைத்துவிட்டு மறந்துபோனார்களா என்று இன்றுவரைக்கும் ஒருவரும் சொல்லவில்லை. இடது கால் அந்த இடத்திலேயே போனது. ஒரு இரும்புத் துண்டு முதுகெலும்புக்குப் பக்கத்தில் போய் இருந்துகொண்டது. அதை எடுத்தால் மிச்ச உயிரும் போகும் என்று வைத்தியர்கள் அப்படியே விட்டுவிட்டார்கள். இடுப்புக்குக் கீழே பாதி உணர்வு இல்லை. மாதக்கணக்கில் ஆசுபத்திரியில் வெட்டியும் தைத்தும் களைத்த பிறகு ஒரு பதக்கத்தையும் சக்கர நாற்காலியையும் கொடுத்து வீட்டுக்கு அனுப்பினார்கள்.

வீடு ஜெனீற்றாவின் சீதன வீடு. வாசற்படியை உடைத்து, நாற்காலி ஏறி இறங்கச் சரிவாகச் சீமெந்து போட்டார் குருசுமுத்து. மற்ற வேலை முழுவதும் அவள் தலையில். உணர்வு இல்லாத உடம்பு ஒரு பக்கமாக இருந்து இருந்து இடுப்பில் புண் வந்தது. ஒரு பக்கம் ஆறும், மற்றப் பக்கம் திறக்கும். காலையில் தண்ணீர் கொதிக்க வைத்து, உப்புப் போட்டு ஆறவைத்து, புண்ணைக் கழுவி, மருந்துத் துணி வைத்துக் கட்டுவாள். பின்னேரம் திரும்ப அதே வேலை. கிளமென்ற் அந்த நேரத்தில் எல்லாம் பகிடி விடுவான்.

"நேவியிலை கூட என்னை இப்பிடி ஒருத்தரும் கழுவித் துடைச்சு வைச்சதில்லை. கப்பலைத்தான் கழுவுவாங்கள்" என்பான்.

சிரிப்பு அடங்கினதும் சில நாள் அவள் கையைப் பிடித்துக்கொண்டு ஒன்றே ஒன்று கேட்பான். "என்னை வெட்டினது காணும், ஜெனீற்றா. செத்தாப் பிறகும் வெட்ட விடாதை."

மாதம் தவறாமல் அவனுடைய சம்பளம் வந்தது. அதைப் பார்த்து ஊருக்கு வயிறு எரிந்தது. "உனக்கென்னடி, அரசாங்கம் படியளக்குது" என்று பக்கத்து வீட்டு மேரிறோஸ் முகத்துக்கு நேரேயே சொன்னாள். படியளந்ததாம்! இராவும் பகலும் ஒரு மனிதனைத் திருப்பிப் படுக்க வைக்க ஒரு தாதியை வைத்திருந்தால் அதே அரசாங்கம் அந்தத் தாதிக்குச் சம்பளமும் ஓய்வூதியமும் கொடுத்திருக்கும். பெண்சாதி செய்தால் அது கடமை. கடமைக்கு யார் காசு கொடுப்பார்?

இரண்டாயிரத்து இருபத்திரண்டு மார்கழி மழையில் புண் மோசமானது. காய்ச்சல் குலுக்கி எடுத்தது. கிளினிக்கில் கொடுத்த குளிசை வேலை செய்யவில்லை. விடிந்ததும் யாழ்ப்பாணம் கொண்டுபோவதென்று வாகனம் சொல்லி வைத்திருந்தார்கள். வாகனம் வருவதற்குள் கிளமென்ற் போய்விட்டான். ஜெனீற்றா அவனுடைய தலையை மடியில் வைத்திருந்தாள். அவள் அழுது முடிக்கவில்லை, அதற்குள் கிராம சேவகர் வந்துவிட்டார், பின்னால் பொலிஸ், பின்னால் மரண விசாரணை அதிகாரி.

வீட்டில் சாவு நடந்தால் தீவுப் பக்கத்துச் சனங்களுக்கு அழுகையை விடப் பெரிய பயம் ஒன்று உண்டு. காரணம் தெளிவில்லை என்றால் உடலை யாழ்ப்பாணத்துக்கு ஏற்றிப் பிரேத பரிசோதனை செய்வார்கள். உடல் எப்போது திரும்பி வரும் என்று தெரியாது. வெட்டித் தைத்த உடம்பைக் குளிப்பாட்டி உடுப்புப் போடுவதை நினைத்தாலே பெண்களுக்கு மயக்கம் வரும். அதனால் எல்லா வீட்டிலும் ஒரே பதில்தான் தயாராக இருக்கும். செத்தவர் கிழவர் என்றால் வயது. இல்லையென்றால் நெஞ்சு நோ. நெஞ்சுவலிச் சாவு என்றால் வெட்டாமல் விடுவார்கள். நீரிழிவுக்காரர், ஈரல் கருகினவர், தூக்கத்தில் போனவர் எல்லாருக்கும் இந்தப் பக்கத்தில் கடைசி வருத்தம் நெஞ்சு நோதான்.

"புண், காய்ச்சல் எண்டு கதைச்சியெண்டால் உடனை ஏத்திப்போடுவாங்கள்" என்று மேரிறோஸ் காதுக்குள் சொன்னாள். வயிறு எரிந்தவள்தான், ஆனாலும் அந்தக் காலையில் முதலில் ஓடி வந்தவள் அவள்தான்.

குருசுமுத்து மகளின் முன்னால் குந்தியிருந்தார். "பிள்ளை, நெஞ்சு நோ எண்டு சொல்லு. அந்தப் பெடியனை இனியும் வெட்ட விடக்கூடாது."

விசாரணை அதிகாரியும் இந்தப் பக்கத்து மனிதர்தான். நல்லவர். அவருக்கும் எல்லாம் தெரியும். "இரவு நெஞ்சு நோ எண்டு ஏதும் சொன்னவரோ?" என்று பதிலையும் சேர்த்தே கேட்டார்.

"ஓம்" என்றாள் ஜெனீற்றா.

அவ்வளவுதான். மரணப் பத்திரத்தில் மாரடைப்பு என்று ஏறியது. கிளமென்ற் வெட்டுப்படாமல், வெள்ளைச் சட்டையோடு, மறுநாள் பின்னேரம் சவக்காலைக்குப் போனான். முகாமிலிருந்து கடற்படையினர் வந்து பெட்டிமேல் கொடி போர்த்தினார்கள். ஒருவன் படம் எடுத்தான். குழி மூடியதும் கொடியை மடித்து அவள் கையில் கொடுத்துவிட்டு, மழை வர முன்னம் போய்விட்டார்கள்.

அடுத்த மாதச் சம்பளம் வரவில்லை. ஜெனீற்றா திடுக்கிடவில்லை. சாகும்வரை அவனுக்கு, செத்த பிறகு அவனுடைய மனைவிக்கு என்றுதான் ஆசுபத்திரியில் இருந்த காலத்திலேயே ஒரு அதிகாரி அவளிடம் சொல்லியிருந்தார். காயத்தால் இறந்த படையினரின் மனைவிக்கு அந்தச் சம்பளம் தொடரும் என்று வேலணைப் பிரதேச செயலகத்தில் கோசலாவும் சொன்னாள். கோசலா அங்கே அபிவிருத்தி உத்தியோகத்தர். சொந்தச் சகோதரிக்குச் செய்வதைப்போல எல்லாவற்றையும் எழுதிக் கொழும்புக்கு அனுப்பிக் கொடுத்தாள். மறுமணம் செய்யவில்லை என்று ஒரு அத்தாட்சி கேட்டார்கள். புருசனைப் புதைத்த ஈரம் காயாதவளிடம் கேட்கிற கேள்வியா அது? அதையும் கிராம சேவகரிடம் வாங்கிக் கொடுத்தாள்.

பதில் ஒரு வருடம் கழித்து வந்தது. முழுவதும் சிங்களம். அஜந்தாதான் வாசித்தாள், சிங்களம் தகப்பன் சொல்லிக்கொடுத்தது. வாசித்துக்கொண்டு போனவள் ஒரு இடத்தில் நின்றாள்.

"வாசியன், ஏன் நிக்கிறாய்?"

"அப்பா மாரடைப்பாலைதானாம் செத்தவர். காயத்துக்கும் சாவுக்கும் தொடர்பு இல்லையாம்."

ஜெனீற்றா அடுப்பிலிருந்த பானையை இறக்கி வைத்தாள். புண் கழுவத் தண்ணீர் கொதிக்க வைத்த பானை அது. இப்போது அதில் சோறு வேகிறது. தொடர்பு இல்லையாம். அந்த இரும்புத் துண்டை முதுகில் வைத்துக்கொண்டே மண்ணுக்குள் போனவனுக்குத் தொடர்பு இல்லையாம். அவளுக்கு நெஞ்சு உண்மையாகவே நொந்தது.

குருசுமுத்து மூலையில் இருந்து, "நான்தானே பிள்ளை சொல்லச் சொன்னனான்" என்றார்.

"நீங்கள் ஒண்டும் கதையாதேங்கோ அப்பா. நீங்கள் வெடி புதைச்சனீங்களோ?"

கிளினிக் அட்டைகளைக் கட்டாகக் கொண்டுபோய்க் காட்டினாள். புண் கட்டிய தாதி வந்து சொல்லத் தயார் என்றாள். மரணப் பத்திரத்தில் உள்ளதுதான் கணக்கு என்றார்கள். இதற்கிடையில் அவள் நண்டுக் கொம்பனிக்கு வேலைக்குப் போனாள். அவித்த நண்டை உடைத்துச் சதை எடுக்கிற வேலை. விரல் முழுவதும் ஓடு கிழித்த காயம். அந்தக் கூலி சாப்பாட்டுக்குப் போதும். அஜந்தா யாழ்ப்பாணத்துக்குப் படிக்கப் போய்வருகிற செலவுக்குப் போதாது. மகளுடைய படிப்பு நிற்குமா நடக்குமா என்பது அந்தச் சம்பளத்தில் தொங்கிக்கொண்டிருந்தது.

பிறகு ஒருநாள் கோசலா ஆள் அனுப்பினாள். வேலணையில் நடமாடும் சேவையாம், கொழும்பிலிருந்து அதிகாரி வருகிறாராம், நேரிலே கதைக்கலாமாம். தாயும் மகளும் போனார்கள். மண்டபம் நிறையச் சனம், பிளாஸ்ரிக் கதிரைகள், அதிகாரிகளின் மேசையில் மட்டும் தண்ணீர்ப் போத்தல்கள். இவர்களுடைய முறை வர மத்தியானம் ஆகிவிட்டது.

அதிகாரி கெட்டவர் இல்லை. எரிந்து விழுகிறவராக இருந்தால் திருப்பி எரிந்து விழலாம். இவர் எழுந்து நின்று கும்பிட்டார், கதிரை காட்டினார், தேத்தண்ணீர் குடித்தீர்களா என்று கேட்டார். கோப்பைப் புரட்டிப் பார்த்துவிட்டுச் சிங்களத்தில் நிதானமாகச் சொல்லச் சொல்ல, பக்கத்தில் இருந்த கோசலா தமிழில் சொன்னாள்.

"அக்கா, ரண்டு வழி இருக்காம். இதிலை கையெழுத்து வைச்சால் சாதாரண விதவை ஓய்வூதியம் உடனை வருமாம். சம்பளத்திலை கால்வாசியும் வராது. ஆனால் அதுக்கு, அண்ணையின்ர சாவுக்கும் காயத்துக்கும் சம்பந்தமில்லை எண்டு நீங்கள் ஏற்றுக்கொள்ள வேணும்."

"மற்ற வழி?"

அதிகாரி அதையும் சொன்னார். கோசலா குனிந்து தன்னுடைய பேனையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா" என்றாள் அஜந்தா. "அப்பாவைத் தோண்டி எடுக்கோணுமாம். கோட்டிலை நீதவானிட்டைக் கேட்டுத் தோண்டி, வெட்டிப் பாத்தால் மாத்தலாமாம்."

பக்கத்து மேசையில் யாரோ காணி உறுதிக்குச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்கள். ஜெனீற்றாவுக்கு ஒன்றும் கேட்கவில்லை. அவளுடைய கோபம் சத்தமில்லாத கோபம். குரல் இறங்க இறங்கத்தான் பயப்பட வேண்டும்.

"தோண்டுறதெண்டால் அவற்ற காலைத் தோண்டச் சொல்லும்" என்றாள் கோசலாவிடம். "அது சவக்காலையிலை இல்லை. இவையின்ர காவலரணடியிலை எங்கையோ கிடக்கு. கால் போன ஆளைத் தூக்கிக்கொண்டு போனவை, காலை ஆர் தேடினது? அதைத் தோண்டி எடுத்து, இந்த மனுசன் எதாலை செத்தவர் எண்டு அதிட்டைக் கேக்கச் சொல்லும்."

"அக்கா, அப்பிடியே சொல்லுறதோ?"

"ஒரு சொல் விடாமல் சொல்லும்."

கோசலா தடுமாற, அஜந்தா முந்திக்கொண்டாள். தகப்பனின் சிலாபக் கரைச் சிங்களத்தில், ஒரு சொல் விடாமல் சொன்னாள். அதிகாரியின் முகம் சிவந்தது. ஆனாலும் அவர் கோபிக்கவில்லை. கோப்பைத் திருப்பி, ஒரு வரியில் விரல் வைத்துக் காட்டி, மெதுவாக ஏதோ சொன்னார்.

"நெஞ்சு நோ எண்டு சொன்னது நீங்கள்தானாம் அக்கா" என்றாள் கோசலா. "உங்கட வாக்குமூலத்தைத்தானே நாங்கள் எழுதினனாங்கள் எண்டு சொல்லுறார்."

இதைத்தான் அவர்கள் கடைசிவரைக்கும் கையில் வைத்திருந்தார்கள். அவனைக் கழுவித் துடைத்துக் காப்பாற்றிய வருடங்கள் ஒரு பக்கம், ஓம் என்ற ஒரு சொல் மறுபக்கம். ஜெனீற்றா கையெழுத்துக் கேட்ட தாளை அதிகாரியின் பக்கம் தள்ளினாள். இதோடு அந்தச் சின்ன ஓய்வூதியமும் இல்லை என்பது அவளுக்குத் தெரியும். மகளைப் பார்த்தாள். மகளும் வேண்டாம் என்று தலையை ஆட்டினாள்.

"ஓம், சொன்னனான்" என்றாள் ஜெனீற்றா. "பொய்தான். அவரை இன்னொருக்கா வெட்ட விடக்கூடாது எண்டு அவருக்காகச் சொன்ன பொய். இப்ப அதே பொய்யை உங்களுக்காகச் சொல்லச் சொல்லுறியள். அது என்னாலை ஏலாது."

அஜந்தா அதைச் சிங்களத்தில் சொல்லி முடிக்கும்வரைக்கும் ஜெனீற்றா கதிரையை விட்டு எழும்பவில்லை.