சோபாவுக்குப் பின்னால் இருந்தவர்

திருச்செங்கோட்டிலிருந்து சேலம் போகும் பஸ்ஸில் என் பக்கத்தில் உட்கார்ந்த பெரியவர், டிவி வந்த புதிதில் நாடகம் எழுதியவராம். மீசைக்கு மட்டும் சாயம் பூசியிருந்தார். தலையைக் குனிந்து, உதடு அசையாமல் பேசினார். எனக்கு நம்பிக்கை வரவில்லை.

“யூடியூப்ல தேடினா கெடைக்குமுங்களா?” என்றேன்.

“எங்கீங்க கெடைக்கும்? அப்பெல்லாம் நேரடி ஒளிபரப்புங்க. பதிவே பண்ணலைங்க. நடிகருக்கு வசனம் மறந்துட்டா, சோபாவுக்குப் பின்னால ஒளிஞ்சு உக்காந்து நாந்தான் எடுத்துக் குடுப்பனுங்க.”

சாட்சியே இல்லாத பெருமை. வசதிதான் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்போது மேலாளர் போனில் கூப்பிட்டார். “சேலம் வந்துட்டேன்” என்று துணிந்து சொன்னேன். அதே நேரம் கண்டக்டர், “மல்லசமுத்திரம்! மல்லசமுத்திரம்!” என்று கத்தினார்.

“மல்லசமுத்திரம்னு கேக்குதே?” என்றார் மேலாளர்.

பெரியவர் தலை குனிந்தது; உதடு அசையாமல் எனக்கு எடுத்துக் கொடுத்தார். “சேலம் பஸ் ஸ்டாண்டுலதான் நிக்கிறேன். பக்கத்து பஸ்ஸுக்கு ஆள் கூப்புடறாங்க, சார்.”

அப்படியே திருப்பிச் சொன்னேன். மேலாளர் நம்பிவிட்டார்.

அவர் எழுத்தாளரா, என்னைவிடத் தேர்ந்த பொய்யரா என்ற சந்தேகம் இன்றும் தீரவில்லை. ஆனால், கடைசியில் அந்த ‘சார்’ போட எனக்குத் தோன்றியிருக்காது.