பாட்டு நடுவே ஒரு மூச்சு

பாட்டுக்குப் பேர்போன அமெரிக்க ஊர் நாஷ்வில்லில், மாடிசன் பக்கம் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் முப்பத்தொரு வருடம் கரண்டி பிடித்தவள் ஆர்டித் போக். அதற்கு முன்னால் ஆறு வருடம் அவள் பாட்டுக்காரி. உடனே மேடை, ஜிகினாச் சட்டை என்று கற்பனை பண்ணிக்கொள்ள வேண்டாம். பாட்டு எழுதுகிறவர்கள் அதைப் பெரிய பாடகிகளிடம் தள்ளிவிட ஒரு மாதிரி டேப் வேண்டும். அந்த டேப்பில் பாட ஒரு குரல் வேண்டும். அந்தக் குரல்தான் இவள். மணிக்கு ஐந்து பாட்டு. ஒரு தடவை பாடினால் முடிந்தது, அடுத்ததை எடு. சாயங்காலம் வீட்டுக்கு வந்தால் காலையில் பாடினது எது என்றே ஞாபகம் இருக்காது. பேரும் கிடையாது, புகழும் கிடையாது. ஆனாலும் அந்த ஆறு வருடத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் அவளை நிறுத்த முடியாது.

அப்படிப் பாடின ஒன்றுதான் 'பின்வாசல் விளக்கு'. எழுதியவர் ஹாய்ட் லாசிட்டர். எழுபத்தாறில் அதை கார்லீன் வெய்ட் வாங்கிப் பாடினாள். முதலில் கன்ட்ரி என்கிற நாட்டுப்புறப் பாட்டு ரேடியோ நிலையங்கள், பிறகு பாப் நிலையங்கள், அப்புறம் மளிகைக் கடை, பல் டாக்டர் கிளினிக் என்று அந்தப் பாட்டு கேட்காத இடமே இல்லை. அதில் ஓர் இடம் உண்டு. 'நான் இன்னும்' என்று பாடி, சட்டென்று நின்று, விக்கினது போல ஒரு மூச்சு வாங்கி, 'இங்கேதான்' என்பாள் கார்லீன். கல் மனசுக்காரனும் அந்த இடத்தில் மூக்கை உறிஞ்சுவான். "அந்த ஒரு மூச்சுக்குத்தான் அவ கார்லீன், நான் கரண்டி" என்பாள் ஆர்டித். பொறாமையே இல்லாமல், வாயாரச் சொல்வாள்.

அவளுக்கு வேறொரு குறை இருந்தது. பெற்ற மகளோடு உட்கார்ந்து அந்தப் பாட்டை ஒரு தடவைகூட முழுசாகக் கேட்டதில்லை.

அந்தப் பாட்டைப் பாடும்போது ஆர்டித்துக்கு ஏழாம் மாதம். அந்த வாரம்தான் ஒரு கம்பெனிக்காரர், "அடுத்த வியாழக்கிழமை வாம்மா, உன் பேர்லயே ஒரு ரெக்கார்டு போட்டுப் பார்ப்போம்" என்றிருந்தார். செவ்வாய்க்கிழமையே ட்வைலா பிறந்துவிட்டாள், இரண்டு மாதம் முன்னால். நாற்பது நாள் கண்ணாடிப் பெட்டி. குழந்தை பிழைத்ததே பெரிய காரியம். வியாழக்கிழமை திரும்ப வரவில்லை, ஆர்டித் தேடிப் போகவும் இல்லை. இதை எட்டு வயதில் சர்ச் விருந்தில் எந்தப் புண்ணியவதியோ ட்வைலாவிடம் சொல்லித் தொலைத்துவிட்டாள். அன்றைக்குத் தைத்த முள். இப்போது நாற்பத்தெட்டு வயது, டயர் கடையில் கவுண்டர் அவள் கையில். ரேடியோவில் 'பின்வாசல் விளக்கு' ஆரம்பித்தால் கை தானாகப் போய் அணைத்துவிடும். "ரெண்டு மாசம் பொறுத்திருந்தா என்ன குறைஞ்சு போயிருக்கும் எனக்கு?" என்று சிரிப்பாள். அந்தச் சிரிப்பைக் கேட்டால் ஆர்டித் பேச்சை மாற்றிவிடுவாள்.

போன மாதம் ஒரு சனிக்கிழமை மத்தியானம். அடுப்பில் அவரை வெந்துகொண்டிருக்கிறது, சோள ரொட்டி ஓவனுக்குள்ளே இருக்கிறது. ட்வைலா வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாள். ஹாய்ட் லாசிட்டர் கைத்தடியோடு வந்து சேர்ந்தார். வயது எண்பத்தாறு, வாய் மட்டும் இருபத்தாறு.

"ஆர்டித்து, சாப்பாடு இருக்கா?"

"சாப்பாட்டு நேரம் பாத்துத்தானே வந்திருக்க கிழவா, உட்காரு."

"வீட்டைக் காலி பண்றேன்ல, ஒரு பெட்டி நிறைய பழைய டேப்பு. மருமக இந்தப் போன்ல ஏத்திக் குடுத்தா. நீ பாடின 'விளக்கு' இருக்கு."

"ஐயோ, அந்தப் பாட்டா? நீங்க கேளுங்க மாமா, நான் ஆயில் மாத்தணும், கார்ல" என்று ட்வைலா கத்தியை வைத்துவிட்டு எழுந்தாள்.

"ஞாயித்துக்கிழமை மாத்துடி. இது கார்லீன் இல்ல, நான். உங்கம்மா குரலைக்கூடக் கேக்க மாட்டியா?" என்றாள் ஆர்டித்.

அவள் உட்காரவில்லை, ஆனால் போகவும் இல்லை.

போனில் முதலில் இளவயது ஹாய்ட்: "ஆர்டித். பின்வாசல் விளக்கு." பிறகு ஒரே ஒரு கிதார். பிறகு இருபத்து மூன்று வயது ஆர்டித். கிழவி ஆர்டித் கரண்டியோடு அப்படியே நின்றாள். இத்தனை நல்ல குரலா என்று அவளுக்கே வெட்கம் வந்துவிட்டது. பாட்டு அந்த இடத்துக்கு வந்தது. 'நான் இன்னும்' என்றது குரல். நின்றது. 'ஹக்' என்று ஒரு மூச்சு. 'இங்கேதான்.'

"ஹாய்ட்டு! அது கார்லீனோட மூச்சுல்ல?"

"வாயை மூடிட்டுக் கடைசி வரைக்கும் கேளு."

பாட்டு முடிந்து கிதார் அடங்கியது. டேப் ஓடிக்கொண்டே இருந்தது. அதில் அந்தப் பெண் சிரிக்கிறாள்: "மன்னிச்சிடு ஹாய்ட்டு, நடுவுல கெட்டுப் போச்சு. உள்ள இருக்கறது விட்டுச்சு பாரு ஒரு உதை! திரும்பப் பாடட்டா?" அவர் குரல்: "வேணாம் வேணாம், அடுத்த பாட்டுக்கு நேரமாச்சு."

ஹாய்ட் போனை அணைத்து மேஜைமேல் வைத்தார்.

கைத்தடியை மடியில் போட்டுக்கொண்டு சொன்னார்: "கார்லீனுக்கு ஸ்வரக் குறிப்பு படிக்கத் தெரியாது. டேப்பைக் கார்ல போட்டுப் போட்டுக் கத்துக்குவா. என்ன இருக்கோ அது அப்படியே, மூச்சு வாங்கறது உள்பட. இந்த ஊர்ல எல்லாரும் அப்படித்தானே? எனக்கே மறந்து போச்சும்மா. போன வாரம் கேட்டப்பதான் தூக்கிவாரிப் போட்டுது."

ட்வைலா மெல்ல நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள். தன் போனை எடுத்தாள். கார்லீனுக்குப் பிறகு அதைப் பாடினவர்களை ஒவ்வொருவராகத் தேடிப் போட்டாள். டிஸ்கோவாக ஆக்கினவர்கள்: டம் டம் என்று போய், சரியாக அந்த இடத்தில் நின்று, ஹக். ஜமைக்காக்காரர் ஒருவர் நிதானமாக ஆட்டிப் பாடினார், அவரும் ஹக். பாட்டையே கிழித்துத் தோரணம் கட்டின ஒரு கூச்சல் கோஷ்டிகூட அந்த ஒரு நொடி அடங்கி மூச்சு வாங்கியது. கடைசியில் நார்வேயில் ஏதோ பள்ளிக்கூடம். நாற்பது பிள்ளைகள், புரியாத பாஷை. நாற்பதும் ஒன்றாக, ஹக்.

"அம்மா, இது நானா?" என்றாள் ட்வைலா.

"வேற யாருடி? எல்லாம் நீ விட்ட உதை." ஆர்டித் கரண்டியை வைத்துவிட்டு வந்து, அவள் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டாள். "நீ என் பாட்டைக் கெடுத்தேன்னு நாப்பது வருஷமா நினைச்சுட்டிருக்க. ஜனங்க அழுத இடமே நீதான்டி. நான் உனக்கு நன்றி சொல்லணும். இன்னிக்குச் சொல்றேன், கேட்டுக்கோ. நன்றிடி, என் தங்கமே."

"எனக்கும் சொல்லலாம். அன்னிக்கு ரெண்டாவது தடவை பாட விடாதவன் நான்தானே?" என்றார் ஹாய்ட், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

"உனக்கு ரொட்டி. அதுவும் கருகிடுச்சு."

கருகினதைச் சுரண்டிவிட்டு மூவரும் சாப்பிட்டார்கள்.

திங்கட்கிழமை டயர் கடை ரேடியோவில் கார்லீன் ஆரம்பித்தாள். அவளுக்குப் பிடிக்காதே என்ற பழக்கத்தில் அணைக்கப் போனான் கூட வேலை பார்க்கும் டெல்மர்.

"கையை எடுடா," என்றாள் ட்வைலா. வரிசையில் நின்றவர்களைக் காக்க வைத்துவிட்டு, அம்மாவுக்குப் போன் போட்டு, ரேடியோப் பக்கம் நீட்டிப் பிடித்தாள். கடைசி வரி வரைக்கும் இருவரும் சேர்ந்து கேட்டார்கள்.