சோலையப்பன் அண்ணனின் சொந்தக் குரல்

அப்பா காலமாகிவிட்டார் என்று சோலையப்பன் அண்ணனின் மகன் தொலைபேசியில் சொன்னபோது, நான் சென்னையில் டப்பிங் கூடத்தில் யாரோ ஒருவருடைய வாயசைவுக்குப் பேசிக்கொண்டிருந்தேன். "இந்தா வாரேன்" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன்.

பெயரைச் சொன்னால் பலருக்கு அவரைத் தெரியாது. முகத்தைப் பார்த்தால் தெரியும். மதுரைப் பக்கம் எடுத்த படங்களில் பெண்ணுக்கு அப்பா, பஞ்சாயத்தில் துண்டோடு நிற்பவர், கோயில் பூசாரி எல்லாம் அவர்தான். நாலு வரி வசனத்துக்காகக் காலையிலிருந்து பொழுது சாயும்வரை வெயிலில் உட்கார்ந்திருப்பார். அலுப்புத் தட்டாதா என்று ஒருமுறை கேட்டேன். "தட்டாம என்ன தம்பி? காத்துக் கெடக்குறதுதான் நம்ம வேலை. நடிப்பு நடுவுல கொஞ்சம் வரும்" என்றார்.

அந்த நாலு வரியும் அவர் குரலில் வராது. சின்ன வேடக்காரர்களைச் சென்னைக்கு வரவழைத்துப் பேசவைக்க யாரும் மெனக்கெடுவதில்லை. எனக்கு மதுரைப் பேச்சு வரும் என்பதால் அவருக்கு எப்போதும் நானே பேசினேன். என்னுடையது கனத்த குரல். அவருடையது மெலிந்து, இழுத்துப் பேசுவது. அவருடைய பெரிய மீசைக்கு அப்படியொரு குரலை எவரும் எதிர்பார்க்க மாட்டார்கள்.

ஆரப்பாளையம் பேருந்து நிலையத்தில் ஒருவர் அவரை மறித்து, "அண்ணே, அந்தப் பஞ்சாயத்து வசனத்த ஒருக்காச் சொல்லுங்க" என்று கேட்டிருக்கிறார். இவரும் சொல்லியிருக்கிறார். கேட்டவர் தன் கூட்டாளியிடம், "அவரில்ல மாப்ள, அவர மாதிரி இருக்காரு" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாராம். அண்ணன் இதைச் சிரித்துக்கொண்டேதான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஒரு படத்திலாவது சொந்தக் குரலில் பேசிவிட வேண்டும். அவருக்கு இருந்த ஆசை அது ஒன்றுதான். கடைசியில் ஓர் இளம் இயக்குநர் சம்மதித்தார். அண்ணன் புதுச்சட்டை போட்டுக்கொண்டு சென்னைக்கு வந்தார். நன்றாகவே பேசினார். போட்டுக் கேட்ட இயக்குநர் தயங்கித் தயங்கி, "நல்லாத்தான் இருக்குண்ணே. ஆனா உங்க குரல் மாதிரி இல்லையே" என்றார்.

அண்ணன் ஹெட்ஃபோனைக் கழற்றி வைத்தார். பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்களே பேசிருங்க தம்பி. எனக்கும் கேட்டுக் கேட்டுப் பழகிப்போச்சு" என்றார். பேசினேன். பிழைப்பாயிற்றே. அதற்குப் பிறகு அவர் யாரிடமும் அந்த ஆசையைச் சொன்னதில்லை.

மதுரை ஆனையூரில் அவர் வீட்டுக்கு நான் போய்ச் சேர்ந்தபோது பந்தலில் நல்ல கூட்டம். பெட்டியருகே உட்கார்ந்திருந்த அவருடைய மனைவியிடம், "மதினி, நான்தான்..." என்று வாயெடுத்தேன். சுற்றியிருந்தவர்கள் சட்டென்று திரும்பினார்கள். "படத்துல கேக்குற குரலு" என்று யாரோ முனகினார்கள். மதினி என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ஒண்ணும் பேசாதீங்க தம்பி. ஊருக்கெல்லாம் ஒங்க குரலு இருக்கு. எனக்கு அவுக குரலு இன்னும் காதுல நிக்குது. இன்னைக்காவது அது கலையாம இருக்கட்டும்."

பேசிப் பிழைக்கும் நான் சுடுகாடுவரை வாயைத் திறக்காமல் நடந்தேன். வாய்க்கரிசி போடக் குனிந்தபோது அவர் உதடுகள் லேசாகத் திறந்திருந்தன. அவர் வாயைக் கண்டால் பேசத் தயாராகிவிடும் பழக்கம் எனக்கு. தொண்டையை அடக்கிக்கொண்டேன்.

அங்கே சொல்லாததை இங்கே எழுதுகிறேன். போய் வாருங்கள் அண்ணே.