டிஸ்க்குக்கு அஞ்சு பொருத்தம்

பனியன் அளவு தப்பினால் போட்டவர் கழற்றுவார், கார்ச் சக்கரத்தின் டிஸ்க் அளவு தப்பினால் அது தானாகவே கழன்றுகொள்ளும். எங்கள் ஊர்த் தொழிலுக்கும் என் தொழிலுக்கும் உள்ள வித்தியாசம் அவ்வளவுதான்.

அறுபதுகளில் திருப்பூர் காங்கயம் ரோட்டில் பழைய டிஸ்க் விற்கும் கடை வைத்திருந்தேன். டயருக்குள் இருக்கும் இரும்பு வளையமும், அதை அச்சோடு சேர்க்கும் நடுத்தட்டும் சேர்ந்ததுதான் டிஸ்க். கோயமுத்தூரிலும் மதராசிலும் உடைத்துப் போட்ட கார்களிலிருந்து எனக்குச் சரக்கு வரும். அந்தக் காலத்தில் புது டிஸ்க் கிடைப்பது குதிரைக் கொம்பு. அதனால் டிஸ்க் நெளிந்தவர், வெடித்தவர் எல்லோரும் என்னைத் தேடி வருவார்கள். வந்தவர்களில் ஒருவராவது "இது பொருந்தாது" என்று நான் சொன்னதை முதல் தடவையிலேயே நம்பியது கிடையாது. கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்து வாடிக்கையாளரிடம் பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்த அனுபவம் உங்களுக்கும் இருந்தால், மேலே படியுங்கள். இது நம் ஆட்களுக்கு மட்டும்தான் புரியும்.

முந்திக்கொண்டு போன சக்கரம்

சென்னியப்பன் ரயில்வே ஸ்டேஷன் ஸ்டாண்டில் டாக்ஸி ஓட்டினார். என்னைவிடப் பத்து வயது மூத்தவர். வண்டி, ஒரு மில் மேனேஜர் ஊரை விட்டுப் போகும்போது தள்ளிவிட்டுப் போன அமெரிக்கக் கார். நீளத்தில் பாதித் தெருவை அடைக்கும். அதன் பின்சக்கர டிஸ்க் ஒன்று விரிசல் விட்டது. ஸ்டெப்னி முந்தின வருஷமே வேறொரு சக்கரத்துக்குப் பதிலாகப் போய்விட்டது. என்னிடம் வந்தார். கடை வைத்து அப்போது மூன்று மாதம்தான் ஆகியிருந்தது. ஐந்து ஓட்டை டிஸ்க் ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். ஐந்து போல்ட்டிலும் அழகாகப் போய் உட்கார்ந்தது. நட்டை முறுக்கினோம், இறுகியது. வேலை முடிந்தது என்று கையைத் துடைத்துக்கொண்டேன்.

மூன்றாம் நாள் ஒரு வாத்தியார் குடும்பத்தை ஏற்றிக்கொண்டு வீரபாண்டி தாண்டும்போது காரின் பின்பக்கம் தரையில் உட்கார்ந்துவிட்டது. நான் விற்ற சக்கரம் காரை முந்திக்கொண்டு ஓடி, ரோட்டோரம் காயப் போட்டிருந்த சலவைத் துணிக்குள் போய்ப் படுத்தது. வாத்தியார் மனைவிக்கு முழங்கையில் எலும்பு முறிவு. மடியில் இருந்த குழந்தைக்கு ஒன்றும் ஆகவில்லை. இரண்டு நாள் எனக்குச் சோறு இறங்கவில்லை. அதன் பிறகுதான் டிஸ்க்கை ஒழுங்காகப் பார்த்தேன். அந்தக் காரின் நட்டுக்கு முகம் கூம்பாகச் சரிந்திருக்கும். டிஸ்க்கின் ஓட்டை விளிம்பும் அதே சரிவில் குழிந்திருந்தால்தான் நட்டு உள்ளே போய்ப் பதியும். நான் கொடுத்ததில் விளிம்பு தட்டையாக இருந்தது. நட்டு நுனிக்காலில் நின்றுகொண்டு இறுகியது போலப் பாசாங்கு செய்திருக்கிறது.

சென்னியப்பன் சத்தமே போடவில்லை. சக்கரத்தை உருட்டிக்கொண்டு வந்து கடை முன்னால் சாய்த்து வைத்தார். "தம்பி, முன்னால ஓடி வழி காட்டற சக்கரம் எனக்கு வேண்டாமுங்க. கூடவே வர்றதா ஒண்ணு இருந்தாக் குடுங்க."

அனுப்பர்பாளையத்துச் சுத்தியல்

காரை இழுத்து வந்து, என் கடைக்கு எதிரே இருந்த காலி இடத்தில் செங்கல் அடுக்கி நிறுத்தினார்கள். மெக்கானிக் ஒருவர் போல்ட்டை எல்லாம் சரி செய்து கொடுத்தார். டிஸ்க் மட்டும் இல்லை. ஸ்டாண்டில் சென்னியப்பனின் இடம் சும்மா கிடந்தது. தைப்பூசத்துக்குள் வண்டி வராவிட்டால் அந்த இடம் அடுத்தவருக்கு என்று ஸ்டாண்டுக்காரர்கள் சொல்லிவிட்டார்கள். பழனிக்குக் கூட்டம் போகிற சமயத்தில் இடத்தைக் காலியாக வைத்திருக்க அவர்களுக்கென்ன வேண்டுதலா? தைப்பூசத்துக்கு இன்னும் நான்கு மாதம் இருந்தது. அதுவரை ஒரு பனியன் கம்பெனியில் துணி மூட்டை தூக்கப் போனார். தினமும் காலையில் கடையைத் திறந்ததும் முதலில் கண்ணில் படுவது அந்தக் கார்தான். அந்தத் தப்பு டிஸ்க்கையும் விற்காமல் என் நாற்காலிக்குப் பின்னால் ஆணியில் மாட்டி வைத்தேன்.

அன்றிலிருந்து ஐந்து விஷயம் பார்க்காமல் டிஸ்க் கொடுப்பதில்லை என்று வைத்துக்கொண்டேன். எத்தனை ஓட்டை, ஓட்டைக்கு ஓட்டை எவ்வளவு தூரம், நடு ஓட்டை எவ்வளவு பெரிது, நட்டு பதிகிற சரிவு, சக்கரம் மட்காடுக்குள் எவ்வளவு உள்வாங்கி நிற்கிறது. டயர் அளவு எல்லோருக்கும் தெரியும், அதைச் சேர்க்கவில்லை. அனுப்பர்பாளையத்துப் பாத்திரப் பட்டறை முதலாளி ஒருவர் தன் சின்னக் காருக்கு டிஸ்க் கேட்டு வந்தார். நான்கு பொருந்தியது. ஐந்தாவது பொருந்தவில்லை, சக்கரம் உள்ளே தள்ளி நின்று உரசியது. "அஞ்சுல நாலு இருக்குதல்லங்க? எம் பையன் கண்ணாலத்துக்கே ஆறு பொருத்தம் போதும்னு சோசியர் சொல்லிப்போட்டாருங்க" என்றார். மாட்டேன் என்றேன். பார்த்துவிட்டுத் தருகிறேன் என்று வாங்கிக்கொண்டு போனவர், தன் பட்டறையில் வைத்து, அண்டாவின் அடியைத் தட்டுகிற மாதிரி சக்கரம் வெளியே தள்ளி நிற்கும்படி நடுத்தட்டைத் தட்டி வளைத்துவிட்டார். வேலை என்றால் வேலை, ஒரு சுத்தியல் தடம் தெரியவில்லை. புளி போட்டுத் தேய்த்தது மாதிரி பளபளவென்று இருந்தது. அதை மாட்டிக்கொண்டு என்னிடமே வந்தார், ஓட்டினால் கார் காவடி ஆடியது. கழற்றிக் கையில் கொடுத்தேன். அவர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"அண்டாவா இருந்தா இந்த வேலைக்கு மெடலே குடுப்பாங்க. சக்கரமாப் போயிருச்சுங்களே!"

பனியன் துணி அளவு

வண்டியைக் கொண்டு வராமல் அளவை மட்டும் கொடுத்தனுப்புகிற வாடிக்கையாளர்களை உங்களுக்கும் தெரிந்திருக்கும். ஒரு பனியன் கம்பெனி முதலாளி இப்படித்தான் ஒரு துணி நாடாவை அனுப்பினார். நான்கு போல்ட்டையும் சுற்றிக் கட்டி எடுத்த அளவாம். நாடாவை வட்டமாக வைத்து, அதற்குத் தகுந்த டிஸ்க்கைக் கொடுத்தனுப்பினேன். சின்னதாக இருக்கிறது என்று திரும்பி வந்தது. இன்னொரு நாடா வந்தது. அதற்கும் ஒன்று கொடுத்தேன். அதுவும் சின்னது. மூன்றாம் தடவை நானே சைக்கிளை எடுத்துக்கொண்டு போனேன்.

முதலாளி என் கண் முன்னாலேயே அளவெடுத்தார். மிஷினிலிருந்து இறங்கிய புதுப் பனியன் துணியில் நீளமாக ஒரு துண்டைக் கிழித்தார். போல்ட்டைச் சுற்றித் தம் பிடித்து இழுத்துக் கட்டினார். கத்தரியால் நறுக்கினார். நறுக்கியதும் நாடா ஒரு விரற்கடை சுருங்கிக்கொண்டது. அதைத்தான் பத்திரமாக மடித்து எனக்கு அனுப்பியிருக்கிறார். இழுத்தால் நீளும், விட்டால் சுருங்கும் என்று அந்தத் துணியை விற்றே மச்சு வீடு கட்டிய மனிதர் அவர். எனக்குச் சிரிப்பு வந்தது, கோபமும் வந்தது. பக்கத்தில் கிடந்த பனியன் அட்டைப் பெட்டியின் மூடியை எடுத்துப் போல்ட்டின் மேல் வைத்து உள்ளங்கையால் அழுத்தினேன். நான்கு ஓட்டையும் அச்சாக விழுந்தது. நடு வளையமும் அழுந்தித் தெரிந்தது. அட்டை நீளாது, சுருங்காது. அதன் பிறகு ஊரில் எல்லோரும் ஓட்டை போட்ட பனியன் பெட்டி மூடியோடுதான் என் கடைக்கு வந்தார்கள். முதலாளி மட்டும் தன் துணியை விட்டுக்கொடுக்கவில்லை.

"எங்க துணி எந்த ஒடம்புக்கும் ஒத்துப் போகுமுங்க. உங்க இரும்புக்குத்தான் அந்தக் கொணமே இல்லீங்க."

தட்டை நட்டு

சென்னியப்பனின் காருக்கும் ஒரு பெட்டி மூடி எடுத்து வைத்தேன். சரக்கு வரும்போதெல்லாம் மூட்டை தூக்குகிற இடத்திலிருந்து அவர் ஓடி வருவார். மூடியை ஒவ்வொரு டிஸ்க்கிலும் வைத்துப் பார்ப்பார். பொருந்தாது. அவர் மறுபடி மூட்டை தூக்கப் போவார். கார்த்திகை போனது, மார்கழி வந்தது.

மார்கழிக் கடைசியில் ஒரு காலை, கையில் ஐந்து நட்டோடு வந்தார். லேத்துப் பட்டறையில் கடைந்தவை, முகம் தட்டையாக இருந்தது. என் தலைக்குப் பின்னால் தொங்குகிற டிஸ்க்கைக் காட்டினார். அதன் விளிம்பு தட்டை, நட்டும் தட்டை, இப்போது பொருந்துகிறதே, மெதுவாக ஓட்டிக்கொள்கிறேன், மாட்டிக் கொடுங்கள் என்றார். யோசித்துத்தான் வந்திருந்தார். ஆனால் அந்த ஜாதிக் காரில் சரிவான நட்டுதான் சக்கரத்தை மையத்தில் பிடித்து நிறுத்துகிறது. தட்டை நட்டு போட்டால் மாட்டு வண்டி வேகத்துக்குத் தாங்கும், கார் வேகத்துக்கு ஆடும். எனக்கு ஒரு நிமிஷம் ஆசையாகத்தான் இருந்தது. எதிரே அந்தக் கார் இல்லாத ஒரு காலையைப் பார்க்க வேண்டும் போல இருந்தது. வாத்தியார் மனைவியின் முழங்கை ஞாபகம் வந்தது. மாட்டேன் என்று சொன்னேன். சொல்லும்போது அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

"அன்னைக்குப் பாக்காமக் குடுத்தீங்க, இன்னைக்குப் பாத்துப் பாத்துக் குடுக்க மாட்டீங்கறீங்க. நீங்க தொழில் கத்துக்கறக்கு நானுங்களா மூட்டை தூக்கோணும்?"

கொமரலிங்கத்து இடத்து மாடு

தைப்பூசத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது மனைவி வழிச் சொந்தத்தில் புது வீடு குடி போகிறார்கள் என்று கொமரலிங்கம் போனோம். சாப்பிட்டுவிட்டு ஆற்றுப் பக்கம் நடந்தேன். கரும்பு ஏற்றிய டயர் வண்டி ஒன்று நின்றது. பழைய கார் அச்சில் செய்த மாட்டு வண்டி. பெரியவர் ஒருவர் குந்தி உட்கார்ந்து இடது சக்கரத்து நட்டை முறுக்கிக்கொண்டிருந்தார். "என்னங்க சாமி, நட்டு கழலுதுங்களா?" என்றேன். "ஒவ்வொரு நடைக்கும் முறுக்கறேன் கண்ணு. எடத்து மாடு சாச்சுச் சாச்சு இழுக்குது. அதுல கழண்டுக்குது" என்றார்.

தொழில்புத்தி விடவில்லை. நானும் குந்தினேன். சேற்றைத் துடைத்தால் ஐந்து ஓட்டை. நட்டு, ஊர்ப் பட்டறையில் அடித்த தட்டை நட்டு. ஓட்டை விளிம்போ சரிவாகக் குழிந்திருந்தது. பையில் சென்னியப்பனின் பெட்டி மூடி இருந்தது. அந்த நாட்களில் அதை எங்கே போனாலும் எடுத்துப் போவேன், மனைவி கேலி செய்வாள். அச்சுக்கு முட்டுக் கொடுத்து, நட்டை எடுத்துச் சக்கரத்தைக் கழற்றி மூடியை வைத்தேன். ஓட்டை பொருந்தியது, தூரம் பொருந்தியது, நடு ஓட்டை பொருந்தியது. சரிவு கண்ணுக்கே தெரிந்தது. உள்வாங்கு அளவைக் குச்சி வைத்துப் பார்த்தேன், அதுவும் சரி. வலது சக்கரத்தைப் பார்த்தேன். அதில் தட்டை விளிம்பு டிஸ்க், தட்டை நட்டு. அந்தப் பக்கம் ஒரு நாளும் கழன்றதில்லை என்றார் பெரியவர்.

வேறு டிஸ்க் மாட்டித் தருகிறேன், இதை எனக்குக் கொடுங்கள் என்றேன், பெரியவர் சரி என்றார். மறுநாளே என் நாற்காலிக்குப் பின்னால் தொங்கியதைப் பஸ்ஸில் போட்டுக் கொண்டுபோய், டயரை மாற்றி, வண்டியில் மாட்டினேன். தட்டை விளிம்பில் தட்டை நட்டு அழுந்தப் பதிந்தது. காருக்கு ஆகாதது மாட்டு வண்டிக்கென்றே செய்தது மாதிரி இருந்தது. எதனால் இத்தனை நாள் கழன்றது என்பதைப் பெரியவருக்கு நட்டை வைத்துக் காட்டினேன். அவர் எழுந்து போய் இடது பக்கத்து மாட்டின் கழுத்தைத் தடவிக் கொடுத்தார்.

"ரெண்டு வருசமா இதையத்தான் வைதுட்டிருந்தேன் கண்ணு. பாவம், அது ஒழுங்காத்தான் இழுத்திருக்குது."

பின் சீட்டு

தைப்பூசத்துக்கு இரண்டு நாள் முன்னால், கொமரலிங்கத்திலிருந்து கொண்டுவந்த டிஸ்க்கைச் சென்னியப்பனின் காரில் மாட்டினோம். சரிவான நட்டு ஐந்தும் குழியில் போய்ப் பதிந்தன. செங்கல்லை எடுத்தோம். சென்னியப்பன் சாவியைப் போடவில்லை. "ஊட்ல அம்மிணியையும் கொழந்தையையும் கூட்டிட்டு வாங்க தம்பி. அன்னைக்கு அந்த வாத்தியாரம்மா உக்காந்த எடத்துலயே உக்காருங்க. அப்பறம் எடுக்கறேன்" என்றார். வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். என் மனைவி விஷயத்தைக் கேட்டுவிட்டு, குழந்தையை இடுப்பில் தூக்கிக்கொண்டு வந்து ஏறி உட்கார்ந்தாள். "உங்களுக்குப் பயமா இருந்தா எறங்கிக்குங்க, நாங்க போயிட்டு வர்றோம்" என்றாள்.

ஏறும் முன் ஒரு தடவை நட்டைப் பார்த்தேன். பெருமாநல்லூர் ரோடு முனையில் வண்டியை நிறுத்தச் சொல்லி இன்னொரு தடவை பார்த்தேன். பிறகு திருப்பிக்கொண்டு வீரபாண்டி வரை போனோம். சக்கரம் முந்திப் போன அதே இடத்தில் சென்னியப்பன் தானாகவே நிறுத்தினார். நான் இறங்கி ஐந்து நட்டையும் ஸ்பானர் போட்டுப் பார்த்தேன். ஒன்றுகூட அசையவில்லை. நேராக ஸ்டேஷனுக்கு வந்தோம். ஸ்டாண்டில் அவர் இடம் காலியாகவே இருந்தது. அந்த நீளக் காரை அதில் நிறுத்தி, என்ஜினை அணைத்துவிட்டு, என் பக்கம் திரும்பினார்.

"மூணு வாட்டி நட்டைப் பாத்தீங்க தம்பி. மொதல்லயே ஒரு வாட்டி இப்பிடிப் பாத்திருந்தா நானு நாலு மாசம் மூட்டை தூக்கியிருக்க மாட்டேனுங்க."

அதற்குப் பிறகு கடை நடத்திய அத்தனை வருஷமும், மனைவியையும் குழந்தையையும் பின் சீட்டில் ஏற்றி ஒரு நடை போய் வராமல் எந்தக் காருக்கும் நான் டிஸ்க் விற்றதில்லை. கடை வளரவில்லை, ஆனால் எங்கள் குடும்பம் அளவுக்கு ஓசியில் திருப்பூரைச் சுற்றிப் பார்த்த குடும்பம் வேறு கிடையாது.